சாயமலைக் காண்டாமிருகம்

ஆடி மாதத்துக் காலை. குற்றாலம் மெயினருவியில் குளித்துவிட்டு, ஈரத்துண்டைப் பிழிந்து பைக்குள் திணித்துக்கொண்டு, தென்காசிக்கு வந்து சங்கரன்கோவில் பேருந்தில் ஏறுகிறவர் ஒரே பயணத்தில் இரண்டு நாடுகளைப் பார்த்துவிடுவார். சுரண்டை வரைக்கும் குளம், நெல்வயல், தென்னந்தோப்பு. பிறகு பச்சை மெல்ல வெளுக்கும். காற்றாலைகள் சுழலும். சாரலைக் கொண்டுவந்த அதே காற்று இங்கே ஈரத்தையெல்லாம் மலையிலேயே உதறிவிட்டு, வெறும் புழுதியோடு வீசும். சங்கரன்கோவிலையும் தாண்டி குருவிகுளம் பக்கம் போனால் கரிசல் தொடங்கிவிடும். பருத்தி, உளுந்து, கம்பு, சோளம். வானம் பார்த்த பூமி. கோடையில் கை நுழையும் அளவுக்கு வெடித்துக் கிடக்கும் கறுப்பு மண்.

அந்தக் கரிசலில்தான் காண்டாமிருகம் கிடைத்தது.

ஊர் சாயமலை. 2019 நவம்பரில் தென்காசி தனி மாவட்டமாகும் வரை அது திருநெல்வேலி மாவட்டத்து ஊர். அதனால் ஆய்வு நூல்களில் இன்றும் நெல்லைக் கணக்கில்தான் இருக்கிறது. நிலவியலாளர் சு.கி. ஜெயகரனும், புனே டெக்கான் கல்லூரியின் தொல்விலங்கு அறிஞர் ஜி.எல். பாதாமும் தமிழ்நாட்டின் ப்ளைஸ்டோசீன் கால முதுகெலும்பிகளைப் பற்றி 1993இல் சேர்ந்து எழுதிய கட்டுரையின் வழியாக அந்தப் புதைபடிவம் அறிவியல் உலகுக்குத் தெரிய வந்தது. ஜெயகரனைத் தமிழ் வாசகர்கள் அறிவார்கள். மனிதப் பரிணாமத்தைப் பற்றித் தமிழில் வந்த அரிய நூல்களில் ஒன்றான 'மூதாதையரைத் தேடி' அவர் எழுதியது. ப்ளைஸ்டோசீன் என்பது 25.8 லட்சம் ஆண்டுகளுக்கு முன் தொடங்கி 11,700 ஆண்டுகளுக்கு முன் முடிந்த காலம். பனியூழிகள் வந்து வந்து போன காலம். மனித இனம் ஆப்பிரிக்காவை விட்டு வெளியே நடந்து, இந்தியாவுக்கும் வந்து சேர்ந்தது இந்தக் காலத்தில்தான்.

காண்டாமிருகம் சாதாரண விருந்தாளி அல்ல. இன்று இந்தியக் காண்டாமிருகத்தைப் பார்க்க அசாமின் காசிரங்காவுக்குப் போக வேண்டும். அங்கே ஆளை மறைக்கும் உயரத்துக்கு நாணலும் கோரையும் வளர்கின்றன. பிரம்மபுத்திரா ஆண்டுதோறும் கரைபுரண்டு சேற்றைக் கொட்டிவிட்டுப் போகிறது. இரண்டு டன் எடையுள்ள அந்த விலங்கு வெயில் நேரம் முழுவதும் குட்டையில் கிடக்கும். காலையிலும் மாலையிலும் மேயும். புல், தண்ணீர், சேறு மூன்றும் ஆண்டு முழுதும் அதற்கு வேண்டும். சாயமலையில் இன்று ஒரு எருமைக்கு மூன்றையும் சேர்த்துக் கொடுப்பதே கடினம்.

ஆக, அந்தக் கரிசலுக்கு அடியில் வேறொரு நிலம் புதைந்து கிடக்கிறது.

மனிதனின் கதையைச் சொல்ல வந்தவர்கள் காண்டாமிருகத்தில் தொடங்குவதற்குக் காரணம் உண்டு. ஆதிமனித எலும்பு மிக மிக அரிது. இந்தியா முழுவதற்கும் சேர்த்து, பெயர் சொல்லும்படியான ஆதிமனித மண்டையோடு ஒன்றுதான். மத்தியப் பிரதேசத்தில் நர்மதைக் கரையிலுள்ள ஹத்னோராவில், இந்திய நிலவியல் ஆய்வுத் துறையின் அருண் சொனாக்கியா 1982 டிசம்பரில் கண்டெடுத்தது; அதுவும் முழு மண்டையோடு அல்ல, மேல் ஓட்டின் ஒரு பகுதி. ஆனால் அதே நர்மதைச் சரளில் யானை, நீர்யானை, காட்டுமாடு, குதிரை, மான் ஆகியவற்றின் எலும்புகள் ஏராளமாகக் கிடக்கின்றன. மனிதன் எந்தப் புல்லில் நடந்தான், எந்த நீரைக் குடித்தான், எதற்குப் பயந்தான் என்பதை அந்த விலங்குகளிடம் கேட்டுத் தெரிந்துகொள்வதே வழி.

ஆப்பிரிக்காவில் இந்தக் கேள்விக்குப் பலமுறை எதிர்பாராத பதில் வந்திருக்கிறது. காடு சுருங்கியது, புல்வெளி பரந்தது, மரத்திலிருந்து இறங்கிய குரங்கினம் உயர்ந்த புல்லுக்கு மேலே எட்டிப் பார்க்க நிமிர்ந்து நின்றது என்று நெடுங்காலம் பாடநூல்கள் எழுதிவந்தன. பிறகு எத்தியோப்பியாவின் அராமிஸ் என்ற இடத்தில் 44 லட்சம் ஆண்டுப் பழமையுள்ள ஆர்டிபிதெக்கஸ் கிடைத்தது. தரையில் இரண்டு காலில் நடக்கவும் மரத்தில் ஏறவும் தெரிந்த உயிரினம் அது. அதோடு கிடந்த எலும்புகளில் வரிக்குதிரை மாதிரியான திறந்தவெளி விலங்குகள் அரிது. இலை தின்னும் கொலோபஸ் குரங்குகளும், புதர்க்காட்டில் வாழும் குடு மான் வகையும்தான் அதிகம். அகழ்ந்தவர்கள் அதை மரங்கள் நிறைந்த நிலமாகவே படித்தார்கள். நிமிர்ந்த நடை மரநிழலிலேயே தொடங்கியிருக்கலாம் என்ற எண்ணம் அதன் பிறகு வலுத்தது. கதையை மாற்றியதில் மனித எலும்புக்கு இருந்த பங்கு குரங்கு எலும்புக்கும் மான் எலும்புக்கும் உண்டு.

எலிசபெத் வ்ர்பா என்ற அறிஞர் இன்னும் ஒரு படி போனார். ஒரு புதைபடிவக் களத்தில் மொத்தக் கொம்பு விலங்குகளில் எத்தனை விழுக்காடு திறந்த புல்வெளிக்குரிய மறிமான் வகைகள் என்று எண்ணினாலே அந்த நிலம் காடா வெளியா என்று சொல்லிவிடலாம் என்றார். கால்நடைக் கணக்கெடுப்பு போன்ற எளிய வேலை. ஆனால் லட்சக்கணக்கான ஆண்டுகளுக்கு முந்தைய கால்நடை.

இதில் ஒரு எச்சரிக்கையும் உண்டு. ஒற்றை விலங்கை வைத்து ஒரு நிலத்தை எழுதிவிடக் கூடாது. குஜராத்தின் லங்னாஜ் இதற்கு நல்ல பாடம். வறண்ட மணல்மேட்டுப் பகுதியான அங்கே, நுண்கற்கருவிகளோடு காண்டாமிருகத்தின் தோள்பட்டை எலும்பு கிடைத்தது. அதன்மேல் கல்லை வைத்துத் தட்டிக் கருவி செய்த வடுக்கள் இருந்தன. பட்டறைக் கல்லைப் போல அதைப் பயன்படுத்தியிருக்கிறார்கள். சுற்றிலும் வறண்ட நிலமாக இருந்தாலும், மணல்மேடுகளுக்கு இடையே தண்ணீர் தேங்கிய பள்ளங்கள் இருந்தால் காண்டாமிருகம் பிழைத்துவிடும். சாயமலைக் காண்டாமிருகம் சொல்வதும் அந்த அளவுதான்: பக்கத்தில் நின்ற நீர் இருந்தது, அதைச் சுற்றிப் புல் இருந்தது. தென்காசியிலிருந்து கோவில்பட்டி வரை ஒரே சதுப்பாக இருந்தது என்று அது சொல்லவில்லை.

இந்த வகையில் பெரிய விலங்கைவிட எலி நம்பகமான சாட்சி. யானை ஒரே பருவத்தில் காட்டையும் வயலையும் கடந்து போய்விடும். எங்கே செத்தது என்பதை வைத்து எங்கே வாழ்ந்தது என்று சொல்ல முடியாது. வயல் எலி பிறந்த வரப்பை விட்டு அதிக தூரம் போகாது. ஆந்தை விழுங்கிக் கக்கிய உருண்டைகளில் எலிகளின் தாடையும் பல்லும் சேர்ந்து குகைத் தரையில் படியும். ஆந்திரத்துக் கர்நூல் குகைகளில் இப்படிப்பட்ட சிறுபற்கள் அடுக்கடுக்காக உள்ளன.

எலியிடமும் கேட்காமல், ஒரே ஒரு பல்லிடமே கேட்கும் வழி ஒன்றும் இருக்கிறது. தென்காசி வட்டாரத்து மாடு வைக்கோல் தின்கிறது. குருவிகுளம் மாடு சோளத்தட்டையும் கம்பந்தட்டையும் தின்கிறது. வெளிப்பார்வைக்கு இரண்டும் ஒரே மாடுதான். ஆனால் நெல்லும் பெரும்பாலான மரம் செடிகளும் காற்றிலுள்ள கரியமில வாயுவை ஒரு வழியில் பிடிக்கின்றன; சோளம், கம்பு, கரும்பு, வெப்பமண்டலப் புற்கள் ஆகியவை வேறொரு வழியில் பிடிக்கின்றன. கார்பனில் எடை கூடிய அணுவும் எடை குறைந்த அணுவும் உண்டு. நெல் வகை எடை கூடியதைக் கூடுதலாக ஒதுக்கும். சோள வகை அவ்வளவாக ஒதுக்காது. தின்ற தீனியின் இந்தக் கணக்கு மாட்டின் பல் எனாமலில் அப்படியே ஏறிவிடும். எனாமல் உடம்பிலேயே கடினமான பொருள். லட்சம் ஆண்டு கழித்து அதில் ஒரு துளி பொடியைச் சுரண்டி எடுத்து அளந்தாலும், அந்த விலங்கு மரநிழலில் தழை மேய்ந்ததா வெட்டவெளியில் புல் மேய்ந்ததா என்பது தெரிந்துவிடும். கிழக்கு ஆப்பிரிக்க ஆதிமனிதப் பற்களில் ஏறத்தாழ 35 லட்சம் ஆண்டுகளுக்கு முன்பிருந்து புல்வெளி உணவின் கணக்கு தென்படத் தொடங்குகிறது. புல்லையே தின்றார்களா, புல்லின் விதையையும் கிழங்கையுமா, புல் தின்ற விலங்கையா என்பதைப் பல் பிரித்துச் சொல்லாது. நிலம் மாறியது, வாயும் மாறியது என்பதை மட்டும் உறுதியாகச் சொல்கிறது.

தமிழ்நாட்டில் ஆதிமனிதனும் விலங்கும் ஒரே இடத்தில் பதிவானது சென்னைக்கு வடமேற்கே, கொசத்தலையாற்றுப் படுகையிலுள்ள அத்திரம்பாக்கத்தில். 1863 மே 30 அன்று பல்லாவரத்தில் ஒரு கற்கருவியைக் கையில் எடுத்து, இந்தியாவின் பழைய கற்காலத்தை உலகுக்குச் சொன்ன ராபர்ட் புரூஸ் பூட், அதே ஆண்டு செப்டம்பரில் வில்லியம் கிங்குடன் அத்திரம்பாக்கத்துக்குப் போனார். ஓடைக்கரையில் கைக்கோடரிகள் கொட்டிக்கிடந்தன. அதே இடத்தில் 1999 முதல் சாந்தி பப்புவும் குமார் அகிலேஷும் பொறுமையாக அகழ்ந்தார்கள். அவர்களது முடிவு 2011இல் 'சயின்ஸ்' இதழில் வந்தபோது உலகமே திரும்பிப் பார்த்தது: அங்கே அச்சூலியன் எனப்படும் வகைக் கைக்கோடரி செய்தவர்கள் வாழ்ந்தது ஏறத்தாழ 15 லட்சம் ஆண்டுகளுக்கு முன். அதுவரை தென்னிந்தியாவுக்கு யாரும் துணிந்து சொல்லாத வயது.

கைக்கோடரிகளைப் பற்றித்தான் எல்லோரும் எழுதினார்கள். அதே அகழ்வில் இன்னொரு செல்வமும் இருந்தது. 3,500க்கும் மேற்பட்ட கற்கருவிகள் கிடைத்த அந்தப் படிவுகளில் விலங்கின் பற்கள் மூன்றே மூன்று. மாட்டினமும் குதிரையினமும் அவற்றில் அடக்கம். ஈரமும் இருந்து, மரம் அடர்ந்து மூடாமல் திறந்தும் கிடந்த நிலம் அது என்று அந்தப் பற்களிலிருந்து ஆய்வாளர்கள் படித்தார்கள். களிமண்ணில் விலங்குகளின் குளம்புத் தடங்களும் பதிந்திருந்தன. தண்ணீர் குடிக்க வந்த விலங்கின் காலடியும், அதே கரையில் உட்கார்ந்து கல் உடைத்தவர்களின் கருவியும் ஒரே மண்ணில்.

3,500 கல்லுக்கு மூன்று பல்! இந்த விகிதம் தமிழ்நாட்டு மண்ணின் குணத்தையே காட்டுகிறது. இங்கே கல் நிற்கும், எலும்பு நிற்காது. சாயமலையின் அருமையும் இதில்தான் இருக்கிறது.

எலும்பு மண்ணில் நீடிக்க வேண்டுமானால் சுண்ணாம்பு வேண்டும். கரிசலைத் தோண்டினால் சில அடி ஆழத்தில் வெள்ளை வெள்ளையாகச் சுக்கான்கல் வரும்; கிணறு வெட்டுகிறவர்களுக்குப் பழக்கப்பட்ட கல். மழைநீரில் கரைந்த சுண்ணாம்பு கீழே இறங்கி, வறண்ட மாதங்களில் கட்டிதட்டி உருவாவது அது. பழைய வீட்டுச் சுவருக்கும் அதைச் சுட்டுத்தான் சுண்ணாம்பு எடுத்தார்கள். சுண்ணாம்புச் சத்து நிறைந்த அந்த மண்ணில் புதைந்த எலும்பு அரிக்கப்படாமல், மெல்ல மெல்லக் கல்லின் சத்தை வாங்கிக் கல்லாகவே ஆகிறது.

குற்றாலத்து மலைமண் இதற்கு நேர் எதிர். செண்பகாதேவி அருவிக்கு மேலே போனால் காலுக்கடியில் இலைமக்கு. வருடம் முழுவதும் ஈரம். மட்கும் இலை மண்ணைப் புளிப்பாக்குகிறது. அந்தப் புளிப்பு எலும்பைக் கரைத்துவிடுகிறது. மழைக்காட்டில் செத்த யானையின் எலும்புகள்கூட நெடுங்காலம் நிற்பதில்லை. குற்றாலத்துத் திரிகூடமலையில் எத்தனை லட்சம் விலங்குகள் பிறந்து செத்திருந்தாலும், அவற்றின் கல்லறை அங்கே இல்லை. ஒன்றரை மணி நேரப் பயண தூரத்துக்குள் இப்படி இரண்டு மண் இருப்பது தென்காசி மாவட்டத்தின் விசேஷம்: ஒன்று எழுதி வைத்துக்கொள்கிறது, மற்றது எழுதியதையெல்லாம் அழித்துவிடுகிறது.

அழித்துவிட்ட பக்கத்தைப் படிக்க வேறு வழி தேட வேண்டியிருந்தது. ஒன்று, சேறு. நீலகிரியின் உயர்ந்த பள்ளங்களில் மட்காத செடிப்பொருள் அடுக்கடுக்காகச் சேர்ந்து கரிச்சேறாகக் கிடக்கிறது. பெங்களூரு இந்திய அறிவியல் கழகத்தின் ராமன் சுகுமாரும் அவரது சக ஆய்வாளர்களும் அந்தச் சேற்றில் மேலே சொன்ன அதே கார்பன் கணக்கைப் போட்டு 1993இல் 'நேச்சர்' இதழில் வெளியிட்டார்கள். சாயமலைக் கட்டுரை வந்த அதே ஆண்டு. ஏறத்தாழ 20,000 ஆண்டுகளுக்கு முன், கடைசிப் பனியூழியின் உச்சத்தில், மலை வறண்டிருந்தது. வறட்சிக்கேற்ற புல் பெருகியிருந்தது. 11,000 ஆண்டுகளுக்கு முன் பருவமழை கொட்டித் தீர்த்தது. 6,000 ஆண்டுகளுக்கும் 3,500 ஆண்டுகளுக்கும் இடையில் மறுபடி வறட்சி. இது கடைசி இருபதாயிரம் ஆண்டுகளின் கதை மட்டும். ப்ளைஸ்டோசீன் முழுக்க இந்த ஊஞ்சல் பலமுறை ஆடியிருக்கிறது. மழைக்காட்டுக்கும் கரிசலுக்கும் இடையே இன்று சுரண்டைப் பக்கம் தெரிகிற எல்லைக்கோடு நிலையான கோடு அல்ல. மலைமேல் ஏறியும் சமவெளிக்கு இறங்கியும் அது அலைந்திருக்கிறது.

இன்னொரு வழி, உயிரோடு இருக்கும் விலங்குகளின் மரபணு. செங்கோட்டைக்கு மேற்கே, ஆரியங்காவு வழியாகக் கேரளத்துக்குள் இறங்கும் கணவாய் இருக்கிறதே, அதில்தான் குற்றாலச் சாரலின் ரகசியமும் இருக்கிறது. தென்மேற்குப் பருவக்காற்று மலைச்சுவரில் இங்கே கிடைத்த இறக்கத்தின் வழியாக நுழைந்து, கிழக்குச் சரிவிலும் தூறுகிறது. மனிதனுக்கு வழிவிட்ட அந்தக் கணவாய் காட்டு விலங்குகளுக்குத் தடையாக நின்றது. குளிர்ந்த உயரங்களிலேயே வாழப் பழகிய பறவைக்கும் தவளைக்கும் தாழ்ந்த, சூடான கணவாய் கடல் மாதிரி. இரண்டு பக்கத்து இனங்களும் கலக்காமலே தனித்தனியாக மாறிப்போயின.

யானைகூட அப்படித்தான் என்பது அண்மையில் தெரிந்தது. பெங்களூரு தேசிய உயிரியல் அறிவியல் மையத்தில் உமா ராமகிருஷ்ணனும் சக ஆய்வாளர்களும் இந்திய யானைகளின் முழு மரபணுத் தொடர்களைப் படித்தபோது, இந்தியாவில் ஐந்து தனித்த யானைக் கூட்டங்கள் தெரிந்தன. அவற்றில் மூன்று மேற்குத் தொடர்ச்சி மலையிலேயே: பாலக்காட்டுக் கணவாய்க்கு வடக்கே ஒன்று, பாலக்காட்டுக்கும் செங்கோட்டைக்கும் இடையே ஒன்று, செங்கோட்டைக் கணவாய்க்குத் தெற்கே ஒன்று. வடக்கிலிருந்து தெற்காக யானைகள் படிப்படியாகப் பரவியிருக்கின்றன. ஒவ்வொரு படியிலும் சிறிய கூட்டமே முன்னே போனதால் மரபணு வகை குறைந்துகொண்டே வந்திருக்கிறது. கடைசிப் படி செங்கோட்டைக்குத் தெற்கே. அங்கே இன்று மிஞ்சியிருப்பவை 150க்கும் குறைவு. இந்திய யானைகளிலேயே மரபணு வகை மிகக் குறைந்தவை அவை. குற்றாலத்திலிருந்து தெற்கே தெரிகிற மலைகளில் நடமாடும் அந்தக் கூட்டம், தொலைந்துபோன புதைபடிவத்தைத் தன் ரத்தத்தில் சுமக்கிறது என்றே சொல்ல வேண்டும்.

வரையாடும் இந்த வரிசையில் வரும். பெயரில் ஆடு இருந்தாலும் இமயத்து வரையாட்டைவிடச் செம்மறி இனத்துக்கே அது நெருங்கிய உறவு என்று மரபணு ஆய்வு காட்டியது. வேறெங்கும் இல்லாமல், மேற்குத் தொடர்ச்சி மலையின் தென்பாதியில் மட்டும் இன்று வாழ்கிற அது, உயர்ந்த புல்வெளித் தீவுகளில் சிக்கிக்கொண்ட பழைய குடி.

இப்போது கடலைத் தாண்டிப் பார்க்க வேண்டும். பனியூழி உச்சத்தில் உலகின் நீரில் ஒரு பகுதி பனிப்பாளங்களாக நிலத்தில் உறைந்து கிடந்ததால் கடல்மட்டம் இன்றைவிட ஏறத்தாழ 120 மீட்டர் தாழ்ந்திருந்தது. பாக் நீரிணை ஆழமற்றது. அப்போது அது தரை. இலங்கையின் இரத்தினபுரியில் மாணிக்கக் கல் தோண்டுகிற குழிகளில், கல் கிடைக்கும் சரள் அடுக்கிலேயே விலங்கு எலும்புகளும் வரும். பி.இ.பி. தெரணியகல இருபதாம் நூற்றாண்டில் அவற்றைச் சேகரித்து விவரித்தார். நீர்யானை, சிங்கம், இரண்டு வகைக் காண்டாமிருகம் என இன்று இலங்கையில் இல்லாத விலங்குகள் அதில் வரிசையாக வந்தன. அந்தக் காண்டாமிருகங்கள் இலங்கைக்குப் போன பாதை தென்தமிழ்நாட்டைத் தவிர வேறு எதுவாக இருக்க முடியும்? வடக்கே நர்மதை, கர்நூல், கோகாக் பக்கத்துச் சிக்தோளியில் புரூஸ் பூட் கண்டெடுத்த காண்டாமிருகம், தெற்கே இரத்தினபுரி. இரண்டுக்கும் நடுவில் விடுபட்ட நீண்ட வெற்றிடத்தில் விழுந்த புள்ளி சாயமலை.

இலங்கை இன்னொரு செய்தியும் தந்தது. மனிதக் கதைக்கு அது இன்னும் பெரியது. அடர்ந்த மழைக்காட்டில் ஆதிமனிதர் பிழைக்க முடியாது என்று ஆய்வுலகம் வெகுகாலம் நம்பியது. கொழுத்த விலங்குகள் இல்லை, மாவுச்சத்து குறைவு, பாதை கிடையாது என்பதெல்லாம் காரணம். இலங்கையின் தென்மேற்கு மழைக்காட்டிலுள்ள பாகியங்கலக் குகை அந்த நம்பிக்கையைப் புரட்டிப்போட்டது. ஏறத்தாழ 45,000 ஆண்டுகளுக்கு முன்பே அங்கே வாழ்ந்த நம் இனத்து மனிதர்கள் குரங்கையும் மலையணிலையும் தேர்ந்து வேட்டையாடியிருக்கிறார்கள். குகையில் கிடந்த எலும்புகளில் பெரும்பங்கு அவற்றினுடையது. குரங்கின் எலும்பைத் தீட்டி அம்புமுனை செய்திருக்கிறார்கள். மரவுச்சியில் தாவுகிற சிறிய விலங்கை அடிக்க வில் வேண்டும், குறி வேண்டும், காட்டைத் தலைமுறை தலைமுறையாகப் படித்திருக்க வேண்டும். அதைவிட வியப்பு, பல்லாயிரம் ஆண்டு வேட்டைக்குப் பிறகும் அந்தக் குரங்குகள் அங்கே தீர்ந்துபோகவில்லை.

அந்தக் காடும் குற்றாலத்துக் காடும் ஒரே குடும்பம். கருமந்தியும் சிங்கவால் குரங்கும் மலையணிலும் திரியும் இந்த மலையில் குகைகளுக்கும் குறைவில்லை. எலும்பைக் கரைக்கும் மண்தான் குறுக்கே நிற்கிறது. வறண்ட, மழை புகாத குகைத் தரை எங்காவது இருக்குமானால் அந்த விதி அங்கே தளரும். பாகியங்கலத்திலும் காட்டுமண்ணில் அல்ல, குகைக்குள்தான் எலும்பு பிழைத்தது.

சமவெளியில் கற்கருவிகளின் கதை வேறு. புரூஸ் பூட் மதுரை, திருநெல்வேலி மாவட்டங்களின் நிலவியலை நடந்து அளந்து 1883இல் நூலாக வெளியிட்டவர். வடக்கே அவர் கைபட்ட இடமெல்லாம் கைக்கோடரி. இங்கே அப்படி இல்லை. காவிரிக்குத் தெற்கே கைக்கோடரிகள் மிக அரிதாகவே கிடைக்கின்றன என்பது அவர் காலத்திலிருந்து பேசப்படும் புதிர். நல்ல குவார்ட்சைட் கல் இங்கே குறைவு என்பது ஒரு விளக்கம். நெல்லைச் சீமை பிற்காலத்தில்தான் பேசுகிறது. சாயர்புரம், குலையன்கரிசல் பக்கத்துச் செந்நிறத் தேரி மணலில் விரல்நக அளவுள்ள நுண்கற்கருவிகள் சிதறிக் கிடக்கின்றன. ஃபிரெடரிக் சாய்னரும் பிரிட்ஜெட் ஆல்சினும் 1956இல் அவற்றை விரிவாக எழுதியபின் 'தேரிப் பண்பாடு' என்ற பெயரே தொல்லியலில் நிலைத்தது. கைக்கோடரி இல்லாத சீமையில் ஒரு காண்டாமிருகம் மட்டும் சாட்சிக்கு நிற்கிறது.

அந்த விலங்குகளெல்லாம் எங்கே போயின? ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் பெரிய விலங்குகள் கூட்டம் கூட்டமாக மறைந்த காலத்தில் இந்தியாவின் கணக்கு வித்தியாசமாக இருந்தது. 1884, 1885இல் புரூஸ் பூட்டின் மகன் ஹென்றி தோண்டிய கர்நூல் பில்லசுர்கம் குகையில் அண்மைக் காலத்தில் மீண்டும் அகழ்ந்தார்கள். 2014இல் வெளியான அந்த ஆய்வில், அடையாளம் கண்ட 21 பாலூட்டி வகைகளில் 20 குறைந்தது ஒரு லட்சம் ஆண்டுகளாகத் தொடர்ந்து இன்றுவரை வந்திருக்கின்றன. விடுபட்டது ஒன்றுதான்: புல்லையே தின்று வாழும் ஜெலாடா வகைக் குரங்கு. இன்று அந்த இனம் எத்தியோப்பிய மலைகளில் மட்டும் மிஞ்சியிருக்கிறது. ஒரு காலத்தில் ஆப்பிரிக்கப் புல்வெளிக் குரங்கும் தென்னிந்திய மானும் ஒரே குகையில் எலும்பாகக் கிடந்தன என்பதே மனிதர் நடந்த பாதையில் விலங்குகளும் நடந்தன என்பதற்கு அடையாளம்.

நீர்யானை இவ்வளவு அதிர்ஷ்டசாலி அல்ல. ஏறத்தாழ 16,000 ஆண்டுகளுக்கு முன்வரை இந்திய ஆறுகளில் அது இருந்தது. வறட்சியில் ஆறுகள் ஒடுங்கியபோது அதற்கு ஒதுங்க இடமில்லாமல் போயிற்று. நேர்கொம்பன் யானையான பேலியோலோக்சோடானும் மறைந்தது. இன்றைய யானையைவிடப் பல மடங்கு எடைகொண்ட அந்த ராட்சசனும் புல்லை நம்பி வாழ்ந்தவன். காண்டாமிருகம் நெடுங்காலம் தாக்குப்பிடித்தது. சிந்துவெளி முத்திரைகளில் அதன் மடிப்புத் தோல்கூடத் தெளிவாகச் செதுக்கப்பட்டிருக்கிறது. பார்த்தவர் கைதான் அப்படிச் செதுக்கும். தெற்கிலிருந்தும் மேற்கிலிருந்தும் படிப்படியாகப் பின்வாங்கி இன்று அது இமயத்து அடிவாரத்திலும் பிரம்மபுத்திராப் படுகையிலும் ஒதுங்கிவிட்டது.

சாயமலை வட்டாரத்தில் இன்று திறந்த கிணறு வெட்டுவது குறைந்துவிட்டது. கிணறு வெட்டும்போது மண் அடுக்குகள் கண்ணுக்குத் தெரியும்: மேலே கரிசல், கீழே சுக்கான், அதற்கும் கீழே சரள், பிறகு பாறை. எலும்பு வந்தால் கடப்பாரை பிடித்தவர் கண்ணில் பட்டுவிடும். ஆழ்துளைக் கிணறு போடும் ரிக் வண்டி அதே அடுக்குகளைச் சில மணி நேரத்தில் மாவாக்கி வெளியே துப்பிவிடுகிறது. சரள் அள்ளும் பொக்லைன் நின்று பார்ப்பதில்லை. பல லட்சம் ஆண்டுக் கணக்கு இப்படிச் சாலை நிரவும் மண்ணாகப் போவது வேதனையானது. அதைத் தடுக்கப் பெரிய செலவும் ஆகாது. கரிசலில் கனமான, கல் மாதிரி கனக்கிற எலும்போ பல்லோ தென்பட்டால், அதை எடுத்துக் கழுவாமல், இருந்த இடத்திலேயே வைத்து, எந்த அடுக்கில் எவ்வளவு ஆழத்தில் இருந்தது என்று குறித்து, படமெடுத்து, அரசு அருங்காட்சியகத்துக்கோ பல்கலைக்கழக நிலவியல் துறைக்கோ சொல்லலாம். அதோடு ஒட்டியிருக்கும் மண்ணும் அதன் வயதைக் கணக்கிட உதவும்.

எலிப்பல் தேடுவது இன்னும் எளிது. சுக்கானுக்குக் கீழுள்ள சரள் மண் ஒரு சாக்கு, ஒரு மில்லிமீட்டர் கண்ணுள்ள சல்லடை, சில குடம் தண்ணீர். மண்ணை ஊறவைத்து அலசி, மிஞ்சியதை வெயிலில் காயவைத்து, வெள்ளைக் காகிதத்தில் பரப்பி, லென்ஸ் வைத்துக் குனிந்து பார்க்க வேண்டும். கம்பு தானியம் அளவுள்ள கடைவாய்ப்பல் ஒன்று அதில் கிடந்தால், அந்தக் காண்டாமிருகம் மேய்ந்த நிலம் எப்படிப்பட்டது என்று பேச அதனால் முடியும்.